ஏழாவது ஆட்டத்துக்கு இப்போதே பணம் கட்டலாமா?

கேள்வி: டொராண்டோவின் ஸ்காபரோவில் இருக்கிறோம். நான் கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவன், பேஸ்பால் அவ்வளவாகத் தெரியாது. 2025 அக்டோபரில் எங்கள் ஊர் பேஸ்பால் அணியான ப்ளூ ஜேஸ் இறுதித் தொடரான உலகத் தொடர் (வேர்ல்ட் சீரீஸ்) வரை போனதிலிருந்து என் மகளுக்கு வேறு பேச்சே இல்லை. அடுத்த முறை நேரில் பார்க்க வேண்டும் என்கிறாள். டிக்கெட் ஏற்பாடு செய்து தருகிற ஒருவர், “உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்துக்கு இப்போதே சொல்லி வையுங்கள், பாதிப் பணம் முன்பணம்” என்கிறார். ஏழாவது ஆட்டம் நடக்காமலும் போகுமாமே? அப்போது பணம் திரும்பி வருமா? ஒரு சுற்றுக்கு மூன்று ஆட்டம், இன்னொன்றுக்கு ஐந்து, இன்னொன்றுக்கு ஏழு என்று ஏன் வைத்திருக்கிறார்கள்?

பதில்: முன்பணம் கொடுக்காதீர்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

உலகத் தொடரில் எந்த இரண்டு அணிகள் மோதும் என்பது அக்டோபர் பாதி கடந்த பிறகுதான் தெரியும். ப்ளூ ஜேஸ் அதுவரை போக வேண்டும். போனாலும் ஏழாவது ஆட்டம் டொராண்டோவில்தான் நடக்க வேண்டும் என்பதில்லை. தொடர் ஏழாவது ஆட்டம் வரை நீள வேண்டும் என்பதும் இல்லை. இந்த மூன்றும் முடிவாகாதபோது அவர் கையில் விற்பதற்கு என்ன இருக்கிறது? ஒன்றும் இல்லை. உங்கள் பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, பிறகு மலிவாகக் கிடைத்தால் வாங்கித் தருவார். விலை ஏறிவிட்டால் “கிடைக்கவில்லை” என்பார். முன்பணம் திரும்ப வருவதற்குள் அடுத்த சீசன் வந்துவிடும். இல்லாத டிக்கெட்டை விற்கும் இந்த வேலை ஒவ்வோர் ஆண்டும் நடக்கிறது. ஏமாறுகிறவர்களில் பெரும்பாலோர் உங்களைப் போல ஆட்டத்துக்குப் புதியவர்கள்தான்.

கிரிக்கெட் பழக்கம் உங்களைத் தவறான கணக்குக்குக் கொண்டுபோகிற இடம் ஒன்று உண்டு. ஐந்து டெஸ்ட் தொடரில் ஓர் அணி முதல் மூன்றையும் வென்றுவிட்டாலும் மீதி இரண்டும் நடக்கும். பேஸ்பாலில் சீசன் முடிந்தபின் நடக்கும் ப்ளேஆஃப் சுற்றுகளில் அப்படி இல்லை. ஏழு ஆட்டத் தொடரில் யார் முதலில் நான்கு வெல்கிறாரோ, அன்றோடு தொடர் முடிந்தது. ஐந்து ஆட்டத் தொடரில் மூன்று வெற்றி, மூன்று ஆட்டத் தொடரில் இரண்டு. ஆகவே ஏழு ஆட்டத் தொடரில் உறுதியாக நடப்பவை முதல் நான்குதான். மீதி மூன்றும் தேவைப்பட்டால் மட்டுமே. அட்டவணையில் அவற்றின் பக்கத்தில் ஒரு சின்ன நட்சத்திரக் குறி இருக்கும். தரகர்கள் அனுப்பும் செய்தியில் அந்தக் குறி மட்டும் காணாமல் போய்விடும்.

எவ்வளவு வாய்ப்பு என்று பார்ப்போம். இரண்டு அணிகளும் சமபலம் என்று வைத்துக்கொண்டால், ஐந்தாவது ஆட்டம் நடக்க நூற்றுக்கு 87 வாய்ப்பு, ஆறாவதுக்கு 62, ஏழாவதுக்கு 31. ஓர் அணி பலமானதாக இருந்தால் ஏழாவதுக்கான வாய்ப்பு இன்னும் குறையும். மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவாக நடக்கக்கூடிய ஒன்றுக்குத்தான் அவர் உங்களிடம் முன்பணம் கேட்கிறார். 1993இல் டொராண்டோவில் நடந்த உலகத் தொடரின் ஆறாவது ஆட்டத்தில், ஒன்பதாவது இன்னிங்ஸில் ப்ளூ ஜேஸின் ஜோ கார்ட்டர், கிரிக்கெட் சிக்ஸர் போன்ற ஹோம் ரன் அடித்துத் தொடரை 4-2 என்று முடித்தார். ஊரே கொண்டாடியது. ஏழாவது ஆட்டம் நடக்கவே இல்லை. 2025இல் நடந்தது, அதுவும் வழக்கமான ஒன்பதைத் தாண்டி 11 இன்னிங்ஸ் போனது. லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸ் 5-4 என்று வென்றது. அந்த ஒரு ராத்திரியின் நினைவை வைத்துத்தான் இப்போது எல்லோரும் ஏழாவது ஆட்டத்தை விற்கிறார்கள்.

அடுத்தது, எந்த ஆட்டம் எந்த ஊரில் என்ற கேள்வி. 2022 முதல் இருக்கும் முறை இது. அணிகள் பிரிந்து ஆடும் அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் இரண்டிலும் ஆறு ஆறு அணிகள் ப்ளேஆஃபுக்கு வரும். ஒவ்வொரு லீக்கிலும் முதல் இரண்டு இடத்தில் இருப்பவை முதல் சுற்று ஆட வேண்டியதில்லை. மற்ற நான்கும் வைல்ட் கார்ட் சுற்றில் மூன்று ஆட்டத் தொடர் ஆடும். அந்த மூன்றுமே தரவரிசையில் மேலே உள்ள அணியின் மைதானத்தில்தான். ப்ளூ ஜேஸ் ஐந்தாவதாகவோ ஆறாவதாகவோ வந்தால் அந்தச் சுற்றில் டொராண்டோவில் ஓர் ஆட்டம்கூட இருக்காது. இது தெரியாமல் “முதல் சுற்று டொராண்டோ டிக்கெட்” என்று வாங்கியவர்கள் உண்டு. அடுத்து டிவிஷன் சீரீஸ், ஐந்து ஆட்டம்: முதல் இரண்டு மேலே உள்ள அணியின் ஊரில், அடுத்த இரண்டு எதிரணி ஊரில், ஐந்தாவது மறுபடி மேலே உள்ள அணியின் ஊரில். ஒவ்வொரு லீக்கின் இறுதிச் சுற்றான லீக் சாம்பியன்ஷிப், இரு லீக்கின் வெற்றியாளர்களும் மோதும் உலகத் தொடர், இரண்டும் ஏழு ஆட்டம்: முதலில் ஆடும் ஊரில் இரண்டு, எதிரணி ஊரில் மூன்று, மறுபடி முதல் ஊரில் இரண்டு. உலகத் தொடரில் முதலில் சொந்த ஊரில் ஆடுவது சீசனில் அதிக ஆட்டம் வென்ற அணி. 2025இல் ப்ளூ ஜேஸுக்கு 94 வெற்றி, டாட்ஜர்ஸுக்கு 93. அந்த ஒரு வெற்றியால்தான் ஏழாவது ஆட்டம் டொராண்டோவுக்கு வந்தது.

இதிலிருந்து உங்களுக்கு வேண்டியது இவ்வளவுதான். ப்ளூ ஜேஸ் மேலே இருந்தால் டொராண்டோவில் உறுதியாக நடப்பவை முதல் ஆட்டமும் இரண்டாவது ஆட்டமும். கீழே இருந்தால், ஏழு ஆட்டத் தொடரில் மூன்றாவதும் நான்காவதும் உறுதி. ஐந்து ஆட்டத் தொடரில் மூன்றாவது மட்டும் உறுதி, நான்காவதும் பெரும்பாலும் நடந்துவிடும்.

சரி, நடக்காத ஆட்டத்தின் பணம். அணியின் அதிகாரபூர்வ விற்பனையில் உங்கள் பெயரில், உங்கள் கார்டில் வாங்கியிருந்தால் பணம் திரும்பி வரும். ஆனால் அது முதலில் வாங்கியவருக்குத்தான் போகும். இதைத் திரும்பத் திரும்பச் சொன்னாலும் யாரும் கேட்பதில்லை. தரகர் தன் பெயரில் வாங்கி, உங்கள் போனுக்கு மாற்றிக் கொடுத்திருந்தால், ஆட்டம் நடக்காதபோது பணம் அவர் கார்டுக்குப் போகும். நீங்கள் கொடுத்தது அச்சிட்ட விலையைப் போல இரண்டு மடங்காக இருந்தாலும் அவருக்கு வருவது அச்சிட்ட விலைதான். அதையும் அவராகப் பார்த்துத் தந்தால்தான் உண்டு. பணமாகக் கையில் கொடுத்தவர்களுக்கு ரசீதும் இருக்காது, புகார் செய்ய வழியும் இருக்காது. டிக்கெட் இப்போது எம்எல்பி (மேஜர் லீக் பேஸ்பால்) பால்பார்க் செயலியில்தான் இருக்கும். ஸ்க்ரீன்ஷாட்டையோ பிடிஎஃப் கோப்பையோ வாட்ஸ்அப்பில் அனுப்பி “இதுதான் டிக்கெட்” என்று யாராவது சொன்னால் அங்கேயே பேச்சை முடித்துக்கொள்ளுங்கள். ஒரே படத்தைப் பத்துப் பேருக்கு அனுப்ப முடியும்.

இதற்கெல்லாம் சட்டம் இல்லையா என்று கேட்பீர்கள். ஒன்டாரியோவில் 2017இல் ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். மறுவிற்பனை விலை அச்சிட்ட விலைக்கு மேல் 50 சதவீதத்தைத் தாண்டக்கூடாது என்று அதில் எழுதியிருந்தார்கள். அந்த விதி அமலுக்கு வருவதற்கு முன்பே நிறுத்தி வைத்தார்கள். பிறகு எடுத்தே விட்டார்கள். 2025 உலகத் தொடரின்போது சாதாரணக் குடும்பங்களின் கைக்கு எட்டாத விலைக்கு டிக்கெட் போனதற்கு அதுவும் ஒரு காரணம். மக்களுக்கு உதவக்கூடிய ஒரே வரியை முதலில் வெட்டுகிறார்கள் என்பது எனக்கு இன்றும் ஆத்திரமாக இருக்கிறது.

மழைக்கு மட்டும் தனிக் கணக்கு. டொராண்டோவில் மூடும் கூரை இருப்பதால் கவலை இல்லை. ஆனால் மகளுக்காக நியூயார்க் வரை போய்ப் பார்க்கலாம் என்று நினைத்தால் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும். மழையால் ஆட்டம் தள்ளிப்போனால் அது நடக்காத ஆட்டம் ஆகாது. அந்த டிக்கெட் புதிய தேதிக்குச் செல்லும், பணம் திரும்பாது. 2008இல் ஃபிலடெல்ஃபியாவில் உலகத் தொடரின் ஐந்தாவது ஆட்டம் அக்டோபர் 27 அன்று ஆறாவது இன்னிங்ஸில் 2-2 என்று இருந்தபோது மழையால் நின்றது. மறுநாளும் ஆட முடியவில்லை. 29ஆம் தேதி, விட்ட இடத்திலிருந்து தொடங்கி, ஃபிலடெல்ஃபியா 4-3 என்று வென்று கோப்பையை எடுத்தது. திங்கள் இரவு நனைந்தவர்கள் அதே டிக்கெட்டோடு புதன் இரவு உள்ளே போனார்கள். வெளியூரிலிருந்து வந்து செவ்வாய்க்கிழமை வேலைக்குத் திரும்ப வேண்டியிருந்தவர்களுக்கு அது போனதுதான். மூன்று ஆட்டம் மீதமிருந்து மழையும் வந்தால் ஓய்வு நாளில்கூட ஆட வைப்பார்கள். ஆகவே எல்லை தாண்டிப் போவதாக இருந்தால், ஹோட்டலை மாற்றிக்கொள்ளும் வசதியோடு பதிவு செய்யுங்கள். பேருந்தோ விமானமோ, அடுத்த இரண்டு நாளுக்கு இடம் இருக்கிறதா என்று பாருங்கள். டிக்கெட்டை மாற்றிக் கொடுக்க முடிகிறதா என்பதையும் வாங்கும் முன்பே பாருங்கள்.

இனி உங்கள் கடைசிக் கேள்வி, ஏன் மூன்று, ஐந்து, ஏழு. ஆட்டத்தில் அதிர்ஷ்டத்தின் பங்கு எவ்வளவு என்பதைத் தீர்மானிப்பது தொடரின் நீளம்தான். ஒவ்வோர் ஆட்டத்திலும் வெல்ல நூற்றுக்கு 55 வாய்ப்புள்ள நல்ல அணி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே ஆட்டம் என்றால் 55. மூன்று ஆட்டத் தொடரை வெல்ல ஏறத்தாழ 57 வாய்ப்பு, ஐந்து என்றால் 59, ஏழு என்றால் 61. இவ்வளவுதான் ஏறும். அந்த அணி நான்கில் மூன்று முறை வெல்ல வேண்டுமென்றால் 45 ஆட்டம் அளவுக்கு ஆட வேண்டும். சீசனில் 162 ஆட்டம் ஆடி யார் நல்ல அணி என்று கண்டுபிடித்துவிட்டு, அதைச் சில ராத்திரிகளில் அழித்துவிடும் முறை இது. 2022இல் 111 ஆட்டம் வென்ற டாட்ஜர்ஸ், 89 வென்ற சான் டியேகோவிடம் ஐந்து ஆட்டத் தொடரில் 3-1 என்று தோற்றது. 2023இல் நூறுக்கு மேலோ நூறோ வென்ற அட்லாண்டா, பால்டிமோர், டாட்ஜர்ஸ் மூன்றும் அதே சுற்றில் வெளியேறின. மூன்றும் சேர்ந்து வென்றது ஒரே ஓர் ஆட்டம்.

பந்து வீசும் பிட்சர்களும் ஒரு காரணம். சீசனில் ஐந்து பேர் முறைவைத்து ஆட்டத்தைத் தொடங்குவார்கள். குறுகிய தொடரில் நடுவே ஓய்வு நாளும் வருவதால் இரண்டு மூன்று நல்ல பிட்சர் இருந்தாலே போதும், மற்றவர்கள் பலவீனம் தெரியாது. 2025 உலகத் தொடரில் டாட்ஜர்ஸ் பிட்சர் யொஷிநொபு யமமோட்டோ ஆறாவது ஆட்டத்தைத் தொடங்கி வென்று, மறுநாளே ஏழாவது ஆட்டத்தின் முடிவிலும் பந்து வீசினார். சீசன் நடுவே ஜூன் மாதத்தில் யாரும் அப்படிச் செய்ய மாட்டார்கள்.

நீளம் ஓர் ஊரின் கதையையே மாற்றியதை டொராண்டோவைவிட நன்றாக அறிந்த ஊர் இல்லை. லீக் சாம்பியன்ஷிப் 1969 முதல் 1984 வரை ஐந்து ஆட்டத் தொடராக இருந்தது. 1985இல்தான் ஏழாக்கினார்கள். அந்த ஆண்டு 99 வெற்றியோடு வந்த ப்ளூ ஜேஸ், 91 வெற்றியோடு வந்த கான்ஸஸ் சிட்டியை 3-1 என்று முந்தியிருந்தது. முந்தைய ஆண்டின் விதி இருந்திருந்தால் அன்றே உலகத் தொடர். ஆனால் அடுத்த மூன்றையும் கான்ஸஸ் சிட்டி வென்றது. கடைசி இரண்டையும் டொராண்டோவிலேயே வென்றது. உலகத் தொடருக்குப் போக இந்த ஊர் 1992 வரை காத்திருந்தது. இத்தனைக்கும் நான் ஏழு ஆட்டத்தின் பக்கம்தான். நீளமான தொடர் நியாயத்துக்குக் கொஞ்சம் அருகில் வருகிறது. எனக்குச் சகிக்காதது வைல்ட் கார்டின் மூன்று ஆட்டம். ஆறு மாத உழைப்பை இரண்டு மோசமான மாலைகளில் முடித்துவைக்கிறார்கள். சுற்றுகளைக் கூட்டினால் ஒளிபரப்புப் பணம் கூடும், ஆனால் சுற்றை நீட்ட நாட்காட்டியில் இடம் தர மாட்டார்கள்.

செப்டம்பரில் ப்ளூ ஜேஸின் டிக்கெட் அறிவிப்புகளுக்கு உங்கள் மின்னஞ்சலைப் பதிவு செய்யுங்கள். அது இலவசம். விற்பனை திறந்ததும் டிவிஷன் சீரீஸில் டொராண்டோவின் முதல் உறுதியான ஆட்டத்துக்கு, உங்கள் கார்டில், இரண்டு இருக்கை எடுங்கள். உலகத் தொடரைவிட மிகவும் மலிவாக இருக்கும், ப்ளூ ஜேஸ் அந்தச் சுற்றுக்கு வந்துவிட்டால் ஆட்டமும் கட்டாயம் நடக்கும். பணம் மிச்சமிருந்தால் அதே தொடரின் ஐந்தாவது ஆட்டத்தையும் அதே வழியில் வாங்கி வையுங்கள். நடக்காவிட்டால் உங்கள் கார்டுக்கே திரும்பும். அந்தத் தரகர் மறுபடி கூப்பிட்டால், டிக்கெட்டை முதலில் என் செயலிக்கு மாற்றுங்கள், பார்த்துவிட்டுப் பணம் தருகிறேன் என்று சொல்லுங்கள். அதன் பிறகு அவர் கூப்பிட மாட்டார்.