நாத்தனார் நிற்கும் இடம்

அன்புள்ள அம்மாவுக்கு,

வருகிற கார்த்திகையில் எனக்குத் திருச்சியில் கல்யாணம். ஞாயிற்றுக்கிழமை, காலை ஆறிலிருந்து ஏழரை முகூர்த்தம். என் ஒரே அக்கா நியூஜெர்சியில் இருக்கிறாள். அவளுக்கு விசா புதுப்பிக்கும் நேரம். இங்கே வந்துவிட்டால் சென்னை அமெரிக்கத் துணைத் தூதரகத்தில் விசா முத்திரை வாங்காமல் திரும்ப முடியாது, தேதி கிடைக்காமல் மாட்டிக்கொண்டால் வேலை போய்விடும், பிள்ளைகளின் பள்ளியும் கெடும் என்று பயந்து, வரவில்லை என்று சொல்லிவிட்டாள். என் அம்மா அழுதுகொண்டே இருக்கிறார். 'லைவ் போட்டுடலாம், டிவியில பாத்துக்குவா' என்கிறார் அப்பா. நாத்தனார் முடிச்சுக்குச் சித்தப்பா பெண் இருக்கிறாளே என்று எல்லோரும் பேசி முடித்துவிட்டார்கள். இதை அக்காவிடம் எப்படிச் சொல்வது என்றே எனக்குத் தெரியவில்லை. அவளை எப்படிச் சேர்த்துக்கொள்வது?

பெயர் வெளியிட வேண்டாம்,
திருச்சி.

அன்புள்ள தம்பி,

முடிச்சை யார் போடுவது என்பதை நீங்கள் யாரும் முடிவு செய்யாதீர்கள். அது அக்காவின் உரிமை. தனக்குப் பதிலாக யார் நிற்கவேண்டும் என்று அவளே சொல்லட்டும், சித்தப்பா பெண்ணை அவளே கூப்பிட்டு, 'எனக்காக நீ போடுடி' என்று கேட்கட்டும். கடைசியில் அதே சித்தப்பா பெண்தான் போடப்போகிறாள் என்றாலும், அக்கா கேட்டுப் போடுவதும் அக்காவைக் கேட்காமல் போடுவதும் ஒன்றாகிவிடாது.

இதை எனக்குக் கற்றுக்கொடுத்தவர் என் தாய்மாமா. 1989-இல் எனக்குக் கல்யாணமானபோது அவர் சவுதியில், தம்மாமில் இருந்தார். விடுப்பு கிடைக்கவில்லை. அந்தக் காலத்தில் வளைகுடாவில் இருந்தவர்கள் கடிதத்துக்குப் பதிலாக கேசட்டில் பேசி, ஊருக்கு வருகிறவர்களிடம் கொடுத்தனுப்புவார்கள். மாமாவின் கேசட் கல்யாணத்துக்கு நான்கு நாள் முன்பு வந்தது. முதல் நாள் ராத்திரி கூடத்தில் எல்லோரும் சுற்றி உட்கார்ந்து போட்டோம். அதில் அவர் எனக்கு மட்டும் பேசவில்லை. சமையல்காரருக்கு ரசம் பற்றி ஒரு வார்த்தை, அப்பாவுக்குப் பணம் பற்றி ஒரு வார்த்தை, அப்புறம் அம்மாவின் சித்தி மகனைப் பெயர் சொல்லி அழைத்து, 'நாளைக்கு நீ அவளுக்கு மாலை போடு, அது என் கைதான்' என்றார். மறுநாள் அந்தச் சின்ன மாமா மாலையைக் கையில் எடுத்ததும் அத்தை விம்மி அழுதது இப்போதும் எனக்குக் கேட்கிறது. மாமா வரவில்லை என்ற நினைப்பே எனக்கு இல்லை தம்பி, இன்றுவரை இல்லை.

இதற்கு நேர்மாறாக நடந்ததையும் சொல்கிறேன். 2021 ஜூனில் என் அக்கா மகள் கல்யாணம். என் தம்பி ஷார்ஜாவில் இருந்தான். இந்தியாவிலிருந்து வருகிறவர்களை அமீரகம் அப்போது நிறுத்தி வைத்திருந்தது, வந்தால் திரும்பிப் போக வழியில்லை. அவன்தான் பெண்ணுக்குத் தாய்மாமன். கொரோனா கட்டுப்பாட்டில் ஐம்பது பேருக்குத்தான் அனுமதி, கூட்டமே கிடையாது, நேரம் நிறைய இருந்தது. ஆனாலும் மேடையோரம் ஒரு நாற்காலியில் லேப்டாப்பை வைத்து அவனை அதில் அழைத்துவிட்டு, ஆளாளுக்கு வேலையைப் பார்க்கப் போய்விட்டோம். நானும்தான். மூன்று மணி நேரம் அவன் பார்த்தது வீடியோ எடுத்தவரின் முதுகைத்தான். மாலையை யார் போட்டார்கள் என்று அவனுக்குப் பிறகு ஆல்பத்தில்தான் தெரிந்தது. ஒரு வருடம் கழித்து ஊருக்கு வந்தபோது, 'நீங்க எல்லாம் இருந்தீங்கக்கா, நான் பாத்துக்கிட்டிருந்தேன்' என்று மட்டும் சொன்னான். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

அதனால்தான் உங்கள் அப்பா சொல்லும் பெரிய டிவி எனக்குப் போதவில்லை. லைவ் வைக்கவேண்டாம் என்று சொல்லவில்லை, மற்ற உறவுக்காரர்களுக்கு அது நல்லதுதான். அக்காவுக்கென்று தனியாக ஒரு போன் வேண்டும், அந்தப் போனைப் பிடிக்க ஒரு ஆள் வேண்டும், அன்று காலை அவருக்கு வேறு எந்த வேலையும் கொடுக்கக்கூடாது. பந்தி பார், பூ வாங்கிவா என்று யாரும் அனுப்பக்கூடாத ஆளாக, அக்காவோடு சிரித்துப் பேசத் தெரிந்த ஒரு அத்தை மகளோ மாமா மகனோ இருந்தால் நல்லது. தாலி கட்டும் நேரத்தில் எல்லோரும் எழுந்து மணவறையைச் சூழ்ந்துகொள்வார்கள், எதிரே வைத்த கேமராவில் முதுகுகள்தான் தெரியும். அதனால் போன் பிடிப்பவர் பெண்ணுக்குப் பின்னால், நாத்தனார் எங்கே நிற்பாளோ அங்கே நிற்கட்டும். அக்கா வந்திருந்தால் எதைப் பார்த்திருப்பாளோ, பெண்ணின் பின்கழுத்து, மஞ்சள் கயிறு, உங்கள் கை, அதையே அவள் பார்ப்பாள். கெட்டிமேளத்தில் பேச்சு எதுவும் கேட்காது. அதனால் முன்பே சொல்லிவையுங்கள், சித்தப்பா பெண் முடிச்சுப் போடுவதற்கு முன் போனைப் பார்த்து ஒரு தலையசைப்பு, அங்கிருந்து அக்கா ஒரு தலையசைப்பு. மண்டபத்து வைஃபையை நம்பவேண்டாம், முதல் நாளே அந்த இடத்தில் நின்று எந்த சிம்மில் சிக்னல் வருகிறது என்று பாருங்கள்.

நேரத்தைப் பற்றி ஒன்று. நவம்பர் முதல் ஞாயிறன்று அமெரிக்காவில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் வைத்துவிடுவார்கள். இப்போது உங்களுக்கும் அவளுக்கும் ஒன்பதரை மணி நேர வித்தியாசம், கார்த்திகையில் பத்தரை ஆகிவிடும். உங்கள் ஞாயிறு காலை ஆறு மணி அவளுக்குச் சனிக்கிழமை இரவு ஏழரை. பத்திரிகையில் ஞாயிறு என்று போட்டிருப்பதைப் பார்த்து அங்குள்ள சொந்தக்காரர்கள் ஒரு நாள் தவறவிட்டுவிடக்கூடாது, அதனால் அங்கே அனுப்பும் செய்தியில் அவர்கள் ஊர் நாளையும் நேரத்தையும் எழுதுங்கள். ஒரு விதத்தில் இது நல்ல நேரம்தான். பிள்ளைகள் விழித்திருப்பார்கள், தெரிந்த நான்கு குடும்பங்களைக் கூப்பிட்டுக் குத்துவிளக்கு ஏற்றி, வடை பாயசத்தோடு சாப்பாடு போடலாம். அந்தச் செலவு மாப்பிள்ளை வீட்டுச் செலவு. உங்கள் அப்பா கொடுக்கட்டும், அக்கா வேண்டாம் என்பாள், கேட்காதீர்கள். நாத்தனாருக்கு எடுக்கும் பட்டுப்புடவையை அந்தப் பக்கம் போகிற யாரிடமாவது முன்பே கொடுத்தனுப்பிவிடுங்கள், அன்று அவள் அதைத்தான் கட்டியிருக்கவேண்டும்.

ஆனால் முகூர்த்தத்தை மட்டும் நினைத்துக்கொண்டிருக்காதீர்கள். அந்த ஒன்றரை மணி நேரத்தில் யாராலும் யாரோடும் நிதானமாகப் பேசமுடியாது. புடவை எடுக்கப் போகும்போது, பத்திரிகை அச்சுக்குப் போகும் முன் பிழை பார்க்கும்போது, பந்தக்கால் நடும்போது, நலங்கு வைக்கும்போது எல்லாம் அவளைக் கூப்பிடுங்கள். எதையாவது அவள் முடிவுக்கு விடுங்கள், அவள் வேண்டாம் என்று சொல்லும் நிறத்தை எடுக்காதீர்கள். பத்திரிகையில் அக்கா, மாமா பெயரோடு ஊர்ப்பெயரும் இருக்கட்டும்.

நம் ஊரில் இது ஒன்றும் புதிதில்லை. வரமுடியாதவர் மொய்யை இன்னொருவர் கொண்டுவந்து எழுதினாலும், நோட்டில் ஏறுவது கொண்டுவந்தவர் பெயர் இல்லை, கொடுத்தனுப்பியவர் பெயரும் ஊரும்தான். 2013 ஜூலையில் தந்தி நிற்கும்வரை, வாழ்த்துத் தந்தி வந்தால் மைக்கில் படிப்பார்கள், 'பம்பாயிலிருந்து பெரியப்பா' என்றதும் கூட்டம் ஒரு நிமிடம் காதைக் கொடுக்கும். உங்கள் அக்கா எழுதியனுப்பும் நான்கு வரியையும் அப்படி மைக்கில் படிக்கச் சொல்லுங்கள். அம்மா படித்தால் இன்னும் நல்லது.

வெளிநாட்டில் இருப்பவர்களைப் பற்றியே பேசிவிட்டேன். உங்கள் குடும்பத்தில் மண்டபத்துப் படி ஏறமுடியாத பாட்டி யாராவது பக்கத்து ஊரிலேயே இருக்கலாம். அவர்களுக்கும் ஒரு போன், ஒரு ஆள். சாயங்காலம் மாலையோடு நீங்கள் இரண்டு பேரும் அவர்கள் வீட்டு வாசலில் போய் நில்லுங்கள்.

அம்மாவை அழவிடுங்கள், தடுக்கவேண்டாம். அக்காவிடம் மட்டும் 'அம்மா அழறாங்க' என்று சொல்லிவிடாதீர்கள், அவள் அதைத் தினமும் நினைத்து வேகப்போகிறாள். 'மூணாவது முடிச்சு உன்னோடதுக்கா, யாரு போடணும்னு நீ சொல்லு' என்று கேளுங்கள். இன்று இரவு எட்டு மணிக்குக் கூப்பிட்டால் அங்கே காலை பத்தரை ஆகியிருக்கும், பிள்ளைகள் பள்ளிக்குப் போயிருப்பார்கள்.

அன்புடன்.