மைலோமா சார்ட்டில் தப்பு வந்தால் கோடிங்கையே விட்டுவிடுவதா?

வணக்கம் அம்மா. பயோகெமிஸ்ட்ரி முடித்த உங்கள் பெண் மெடிக்கல் கோடிங் (டாக்டரின் குறிப்பைப் படித்து நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீட்டைப் போடும் வேலை) படிக்கிறாள், பயிற்சித் தேர்வில் மைலோமா (ஒரு வகை ரத்தப் புற்றுநோய்) சார்ட்டில் தவறியதிலிருந்து "எனக்கு மனப்பாடம் வராது, விட்டுடறேன்" என்கிறாள் என்று எழுதியிருந்தீர்கள். விடைத்தாளையும் சேர்த்து அனுப்பியது நல்லதாயிற்று. அதைப் பார்த்த பிறகு எனக்கு அவ்வளவு கவலை இல்லை.

சார்ட்டில், அதாவது நோயாளியின் மருத்துவக் குறிப்பில், இருந்தது இதுதான்: மல்டிபிள் மைலோமா, ஸ்டெம் செல் மாற்று முடிந்தது, இப்போது ரெமிஷன் (நோய் அடங்கியிருக்கும் நிலை), லெனலிடோமைடு மருந்து தொடர்கிறது. மாற்று சிகிச்சைக்கான இசட்94.84-ஐச் சரியாகப் பிடித்துவிட்டாள். நோய்க்குத்தான் இசட்85.79 போட்டிருக்கிறாள். 'முன்பு புற்றுநோய் இருந்தவர்' என்று சொல்லும் கோடு அது. வர வேண்டியது சி90.01.

ஏன் தவறினாள் என்பதும் தெரிகிறது. மார்பகப் புற்றுநோயில் கட்டியை அகற்றி, சிகிச்சையும் முடிந்து, நோயின் அடையாளமே இல்லையென்றால் 'முன்பு இருந்தது' என்றுதான் போட வேண்டும். அதே யோசனையை இங்கேயும் கொண்டுவந்துவிட்டாள். மைலோமா போன்ற பிளாஸ்மா செல் புற்றுநோய் அப்படியில்லை. அமெரிக்காவில் புழங்கும் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டு முறையில் சி90 பிரிவில் கடைசி இலக்கமே நிலையைச் சொல்லிவிடும்: 0 என்றால் ரெமிஷன் எட்டவில்லை, 1 என்றால் ரெமிஷன், 2 என்றால் நோய் திரும்பிவிட்டது. வெறுமனே 'மைலோமா' என்று மட்டும் இருந்தால் சி90.00. ரெமிஷனா, பழைய வரலாறா என்று குழப்பமாக எழுதியிருந்தால் நாமாக ஊகிக்கக்கூடாது; டாக்டருக்கு குவெரி அனுப்பிக் கேட்க வேண்டும்.

இதில் மனப்பாடம் எங்கே வந்தது? கோடர்களுக்கான சிபிசி சான்றிதழ்த் தேர்வில் 100 கேள்விகள், 4 மணி நேரம். கோடு புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதான் எழுதுவார்கள். நோய்க் கோடுகளும் ஆண்டுதோறும் அக்டோபர் 1 அன்று மாறுகின்றன. உருப்போட்டு என்ன பயன்?

வேலை கேட்பது வேறு திறமை. மைலோமா நோயாளிக்கு ரத்தசோகை என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்குச் சிகிச்சை பெற வந்திருக்கிறார். சோகை புற்றுநோயால் வந்தது என்றால் மைலோமா கோடு முதலில், டி63.0 அடுத்தது. கீமோ மருந்தால் வந்தது என்றால் டி64.81 முதலில், மைலோமா பின்னால். ஹீமோகுளோபின் அளவு இரண்டிலும் ஒன்றாகவே இருக்கலாம். டாக்டர் எழுதிய ஒரே வரி வரிசையை மாற்றிவிடுகிறது. இந்த இடத்தில் பயோகெமிஸ்ட்ரி படித்தவளுக்குக் கை கொடுக்க நிறைய இருக்கிறது. பிளாஸ்மா செல் என்றால் என்ன, அது சுரக்கும் புரதம் சிறுநீரகத்தை ஏன் பாதிக்கிறது என்பதெல்லாம் அவளுக்குப் புதிதல்ல.

இன்னொரு பக்கமும் சொல்லிவிடுகிறேன். நாள் முழுக்கத் திரையைப் பார்க்கும் வேலை இது. தினசரி இத்தனை சார்ட் என்று இலக்கு உண்டு, தரத் தணிக்கையும் உண்டு. அனுபவமில்லாமல் சிபிசி வாங்கினால் முதலில் 'அப்ரண்டிஸ்' என்ற ஒட்டோடுதான் சான்றிதழ் வரும். எளிய சார்ட்டுகளை மென்பொருளே முடிக்கத் தொடங்கிவிட்டதால், புற்றுநோய் மாதிரி சிக்கலான பிரிவுக்குப் போவதுதான் நல்லது என்பது என் கருத்து. ரத்தவியல், புற்றுநோய் கோடிங்குக்கென்றே தனிச் சான்றிதழ் இருக்கிறது. ஆனால் அது இரண்டு மூன்று வருடம் கழித்து யோசிக்க வேண்டிய விஷயம். இப்போதே பணம் கட்டிவிடாதீர்கள்.

சரி, இந்த வாரம் ஒன்று செய்யுங்கள். அதே சார்ட்டை அவளிடம் மறுபடி கொடுங்கள். என்ன கோடு என்று கேட்காமல், எந்தச் சொல்லைப் பார்த்து முடிவு செய்தாய் என்று கேளுங்கள். 'ரெமிஷன்' என்ற சொல்லில் விரல் வைத்தால் எனக்கு எழுதுங்கள், தேர்வுக்குப் பதிவு செய்வதைப் பற்றிப் பேசலாம். சார்ட்டைத் தொடவே சலிப்பாக இருக்கிறது என்றாலும் எழுதுங்கள். அப்போது ஆய்வக வேலைப் பக்கம் பார்ப்போம்.