உயில் வழக்கில் இரண்டு கோர்ட்டிலும் தோற்றபின் மேல்முறையீடு

கேள்வி: எங்கள் அப்பா வீட்டைத் தம்பிக்கே எழுதிவைத்ததாக ஒரு பதிவு உயில். அப்போது அப்பாவுக்கு நினைவு தெளிவாக இல்லை என்று சொல்லி பாகப்பிரிவினை வழக்கு போட்டேன். முன்சீப் கோர்ட்டில் தள்ளுபடி. அப்பீலில் சார்பு நீதிமன்றமும் உயில் செல்லும் என்றுவிட்டது. அந்தத் தீர்ப்பு வந்து ஆறு வாரம் ஆகிறது. உயர் நீதிமன்றத்தில் சாட்சிகளை மறுபடி விசாரிப்பார்களா? (வாசகி, மதுரை)

பதில்: மாட்டார்கள், சகோதரி. இது இரண்டாம் மேல்முறையீடு. சிவில் நடைமுறைச் சட்டம் 100-வது பிரிவின்படி, முக்கியமான சட்டக் கேள்வி எழுந்தால் மட்டுமே உயர் நீதிமன்றம் இதை ஏற்கும். அப்பாவின் நினைவு தெளிவாக இருந்ததா என்பது சங்கதி (நடந்தது என்ன என்பது) பற்றிய கேள்வி. இரண்டு கோர்ட்டும் ஒரே முடிவைச் சொன்னபின் அதில் பெரும்பாலும் கைவைக்க மாட்டார்கள். மனுவில் சட்டக் கேள்வியைத் துல்லியமாக எழுதாவிட்டால், எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகுமுன்பே தள்ளுபடியாகலாம்.

அதனால் சாட்சி வாக்குமூலங்களை எடுத்து வரிவரியாகப் படியுங்கள். இந்திய வாரிசுரிமைச் சட்டம் 63-வது பிரிவுப்படி உயிலுக்கு இரண்டு சாட்சிகள் வேண்டும். அப்பா கையெழுத்திட்டதை (அல்லது அது தன் கையெழுத்து என்று அவரே ஒப்புக்கொண்டதை) ஒவ்வொருவரும் நேரில் அறிந்திருக்க வேண்டும். அவர் முன்னிலையில் தாங்களும் கையெழுத்திட்டிருக்க வேண்டும். அவர்களில் ஒருவரையாவது, உயிரோடு இருந்தால், கூண்டில் ஏற்றியே ஆகவேண்டும். பதிவான உயிலுக்கும் இதில் விலக்கு கிடையாது. தம்பி தரப்பு ஆவண எழுத்தரை மட்டும் விசாரித்துவிட்டு நிறுத்தியிருந்தால், அல்லது சாட்சி "நான் கையெழுத்துப் போட்டேன்" என்பதோடு முடித்திருந்தால், அங்கே உங்களுக்குச் சட்டக் கேள்வி கிடைக்கிறது.

அடுத்து, நிரூபிக்கும் பொறுப்பை யார் தலையில் வைத்தார்கள் என்று பாருங்கள். பலன் பெறுபவரே முன்னின்று உயில் எழுத வைத்தது போன்ற சந்தேகங்கள் இருந்தால், அவற்றைப் போக்கவேண்டியது உயிலைக் காட்டுபவர்தான். 1958-இல் வெங்கடாசல ஐயங்கார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. மகளுக்கு எதுவும் தரவில்லை என்பது மட்டும் போதாது.

ஆஸ்பத்திரி ரெக்கார்டை இப்போது கொண்டுவரலாம் என்று நம்பி இருக்காதீர்கள். முயன்றும் விசாரணையின்போது கிடைக்கவில்லை என்று காட்டினாலொழிய ஏற்பது அரிது.

மேல்முறையீடு போடக் கெடு 90 நாள். தீர்ப்பின் சான்றிட்ட நகல் தயாராக ஆன நாட்கள் இதில் சேராது. 45-ஆம் நாள் நகல் மனு போட்டு, 15 நாளில் நகல் தயாரானால் அந்த 15 நாள் கூடுதலாகக் கிடைக்கும். முத்திரைத்தாள் கட்டத் தாமதித்த நாட்களும், தயாரான நகலை வாங்காமல் விட்ட நாட்களும் உங்கள் கணக்கில்தான் போகும். நகலின் பின்பக்கம் இந்தத் தேதிகள் எல்லாம் இருக்கும். இன்னும் நகல் மனு போடவில்லையென்றால் நாளைக்கே போடுங்கள். கெடு தாண்டினால் தாமத மன்னிப்பு மனுவில் காரணம் சொல்லிக் கெஞ்சவேண்டிவரும்.

உங்கள் வழக்கே தள்ளுபடியானதால், தீர்ப்பை நிறுத்திவைக்கும் ஸ்டே கேட்டுப் பயனில்லை. வீட்டை விற்கக் கூடாது என்று இடைக்காலத் தடை கேளுங்கள். உயர் நீதிமன்றத் தனி நீதிபதி தள்ளுபடி செய்தால் அங்கேயே இன்னொரு அப்பீல் கிடையாது. உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனுதான்.

கேள்வி: மாவட்ட நீதிமன்றம் எங்கள் புரோபேட் மனுவை (உயில் செல்லும் என்று கோர்ட் சான்று கேட்கும் மனு)த் தள்ளுபடி செய்துவிட்டது. எங்களுக்கும் இதே கட்டுப்பாடா?

பதில்: இல்லை. வாரிசுரிமைச் சட்டம் 299-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் நீங்கள் போடுவது முதல் மேல்முறையீடு. சாட்சியத்தையும் அங்கே முழுதாக எடைபோடுவார்கள்.