சீன இயக்குநர் சாங் யிமோ சினிமாவுக்கு வந்தது எப்படி?

கேமரா வழியாகத்தான். ஷியான் நகரத்துக்காரர். அப்பா கம்யூனிஸ்டுகளின் எதிரிக் கட்சியான கோமின்டாங்கின் படையில் அதிகாரியாக இருந்தவர் என்பதால், கம்யூனிஸ்ட் ஆட்சியில் குடும்பத்துக்கே கெட்ட பெயர். 1966-இல் மாவோ தொடங்கிய கலாச்சாரப் புரட்சியில் படிப்பு நின்றது. முதலில் வயல் வேலை, அப்புறம் பருத்தி மில்லில் ஏழு வருடம். ரத்தம் விற்றுக் கேமரா வாங்கினார் என்றுகூடச் சொல்வார்கள்.

1978-இல் பெய்ஜிங் திரைப்படக் கல்லூரி மீண்டும் மாணவர்களைச் சேர்த்தபோது இவருக்கு வயது கடந்துவிட்டது. விடவில்லை மனிதர், கலாச்சார அமைச்சகத்துக்கே மனுப் போட்டு, ஒளிப்பதிவுப் பிரிவில் இடம் வாங்கினார். இயக்குநர் சென் கைகேவின் 'மஞ்சள் பூமி' படத்துக்கு (1984) ஒளிப்பதிவு இவர்தான். முதலில் இயக்கிய 'சிவப்புச் சோளம்' 1988-இல் பெர்லின் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கக் கரடியை வென்றது.

கேமராக்காரர் என்பது அவர் படங்களில் நன்றாகவே தெரியும். 'ஜூ டோ'வில் சாயப்பட்டறையின் உயரத்திலிருந்து சரசரவென அவிழ்ந்து விழும் சிவப்புத் துணி ஒன்றே போதும், வசனமே வேண்டாம்.

1994-இல் இவருடைய 'வாழ்தல்' கான் திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது, சீனாவில் தடையும் வாங்கியது. அதே மனிதரிடம்தான் 2008 பெய்ஜிங் ஒலிம்பிக் தொடக்க விழாவை அரசு ஒப்படைத்தது. 'ஹீரோ' (2002) மாதிரி பிரம்மாண்டப் படங்கள் கண்ணுக்கு விருந்துதான். ஆனால் என்னைக் கேட்டால், முதலில் 'வாழ்தல்' பாருங்கள்.