கோடம்பாக்கம் கேள்வி - பதில்

ஐயா, நுங்கம்பாக்கம் அலியான்ஸ் பிரான்சேஸில் ‘ஹிரோஷிமா மோன் அமூர்’ பார்த்தேன். டைட்டிலில் ஆர்கோஸ் பிலிம்ஸ் என்று வந்தது. யாருடைய கம்பெனி அது? பணம் போட்டதைத் தவிர அந்தத் தயாரிப்பாளர் என்ன செய்திருப்பார்?
- விஸ்காம் மாணவர், அம்பத்தூர்

படம் பார்த்துவிட்டுத் தயாரிப்பாளரைத் தேடுகிறீர்களே தம்பி, வடபழனியில் தயாரிப்பு நிர்வாகியாகவே காலம் தள்ளிய எனக்கு அதுவே பெரிய சந்தோஷம்.

அவர் பெயர் அனத்தோல் தோமன். 1925-ல் வார்சாவில் பிறந்தவர். 1949-ல் பிலிப் லிஃப்ஷிட்ஸுடன் சேர்ந்து ஆர்கோஸைத் தொடங்கினார். முதலில் குறும்படங்கள்தான். அன்றைக்குப் பிரெஞ்சுத் தியேட்டர்களில் முழுநீளப் படத்துக்கு முன்னால் குறும்படம் ஓட்டுவார்கள், அதனால் அதற்கும் ஒரு பிழைப்பு இருந்தது.

1956-ல் வந்தது ‘இரவும் மூடுபனியும்’. நாஜி வதைமுகாம்கள் பற்றி அலன் ரெனே எடுத்த 32 நிமிடப் படம். அதில் ஒரு பழைய புகைப்படம்: பிரான்சில் இருந்த பித்திவியே முகாமில் ஒரு போலீஸ்காரர் காவலுக்கு நிற்கிறார். தலையில் பிரெஞ்சுப் போலீஸ் தொப்பி. முகாமுக்குக் காவல் நின்றது பிரெஞ்சுக்காரர்தான் என்று அந்தத் தொப்பியே சொல்லிவிடுமே! தணிக்கைக்காரர்கள் விடவில்லை. கடைசியில் குறுக்கே ஓர் உத்தரம் போல வரைந்து தொப்பியை மட்டும் மறைத்தார்கள். புகைப்படம் படத்தில் நின்றது. அப்புறம் மேற்கு ஜெர்மனித் தூதரகம் எதிர்க்க, பிரான்சின் கான் திரைப்பட விழாப் போட்டியிலிருந்து படத்தை எடுத்துவிட்டு, போட்டிக்கு வெளியே திரையிட்டார்கள். இத்தனையும் 32 நிமிடப் படத்துக்கு.

அடுத்து அதே ரெனேயிடம் அணுகுண்டு பற்றி ஓர் ஆவணப்படம் கேட்டார்கள். முந்தைய படம் மாதிரியே ஆகிவிடும் என்று ரெனே தயங்கினார். பிறகு மார்கரித் துராஸ் எழுத வந்தார், ஆவணப்படம் காதல் கதையாக மாறிவிட்டது. பேசிய பட்ஜெட் வேறு, இப்போது நடிகர்கள், ஹிரோஷிமாவிலும் பிரான்சிலும் படப்பிடிப்பு! எனக்குத் தெரிந்த பல முதலாளிகள் அந்த இடத்தில் யூனிட்டைக் கலைத்திருப்பார்கள். ஆர்கோஸ் கலைக்கவில்லை. ஜப்பானின் டாயெய் கம்பெனியும் பங்கு சேர்ந்தது, 1959-ல் படம் வந்தது. அதுதான் நீங்கள் பார்த்த ‘ஹிரோஷிமா மோன் அமூர்’. பணத்தைத் தவிர என்ன செய்தார் என்றீர்களே, இதைத்தான் செய்தார்.

தோமனுடைய வேறு படங்கள்?
- வாசகி, மயிலாப்பூர்

கிறிஸ் மார்க்கரின் ‘லா ஜெத்தே’ (1962) பாருங்கள் அம்மா. 28 நிமிடம், கிட்டத்தட்ட முழுவதும் அசையாத புகைப்படங்கள். இதைத் தயாரிக்க ஒப்புக்கொள்ள எத்தனை தைரியம் வேண்டும்! பிரெஸ்ஸோனின் ‘பல்தஸார்’ (1966) உண்டு. கூட்டுத் தயாரிப்பில் ‘தகர முரசு’, ‘பாரிஸ், டெக்சாஸ்’, தார்க்கோவ்ஸ்கியின் ‘தியாகம்’ உண்டு. முதல் இரண்டும் கானில் உச்சப் பரிசான தங்கப்பனை வாங்கியவை. அவர் தயாரித்த, ஜப்பான் இயக்குநர் ஓஷிமாவின் 1976 படத்துக்கு ஜப்பான் சட்டம் இடம் கொடுக்காது என்பதால், அங்கே எடுத்த பிலிம் சுருள்களைக் கழுவாமலே பிரான்சுக்கு அனுப்பி அங்கே கழுவினார்கள். அது பெரியவர்களுக்கான படம், வீட்டில் எல்லாரும் உட்கார்ந்து பார்க்க முடியாது. தோமன் 1998-ல் காலமானார்.

ஊரில் நிலம் விற்ற பணம் இருக்கிறது. படம் தயாரிக்கலாமா?
- இளைஞர், வளசரவாக்கம்

எல்லாவற்றையும் ஒரே படத்தில் போடாதீர்கள் தம்பி, கெஞ்சிக் கேட்கிறேன். பிரான்சில் 1946 முதல் சி.என்.சி. என்ற அரசு அமைப்பு இருக்கிறது. டிக்கெட்டில் பிடிக்கும் வரி அதன் வழியாகத் திரும்பப் படங்களுக்கே போகிறது. நம் ஊரில் பைனான்சியரிடம்தான் போய் நிற்க வேண்டும். படம் முடிய ஒரு மாதம் தள்ளினாலும் வட்டி தள்ளாது.

முதலில் ஒரு குறும்படம் எடுங்கள். நீங்கள் நம்பும் இயக்குநர் ஒருவரைப் பிடித்துக்கொள்ளுங்கள், அடுத்த படமும் அவரோடே செய்யுங்கள். கதை எழுதியவர், இசையமைத்தவர் இருவரிடமும் முதல் நாளே உரிமைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குங்கள். ரிலீஸுக்கு முந்தின நாள் வாங்கிக்கொள்ளலாம் என்று விட்டவர்கள் படப் பிரதி எடுக்கும் லேப் வாசலில் நின்றதை நான் பார்த்திருக்கிறேன். யூனிட்டுக்குப் பேட்டாவை அன்றன்றைக்கே கொடுத்துவிடுங்கள்.