துண்டுச் சீட்டில் ஓர் அரைமணி நேரம்

கேள்வி: என் கணவர் ஸ்டேஷன் மாஸ்டர். பண்டிகை நாளில்கூட வீட்டில் இருப்பதில்லை. இரவு டியூட்டி முடிந்து வந்தால் பகலெல்லாம் தூக்கம், பேச்சே இல்லை. பாசமில்லாதவர் அல்ல. காலை எட்டு மணி டியூட்டி என்றால் மகளைப் பள்ளியில் விட்டுவிட்டு அரைமணி தாமதமாகத்தான் போவார். அதுவரை கடந்துபோன ரயில்களை இரவு டியூட்டி நண்பர் துண்டுச் சீட்டில் குறித்து வைப்பார்; இவர் போய்ப் பதிவேட்டில் ஏற்றிக்கொள்வார். அலுவலக வேலைக்கு மாறும்படி அவரை வற்புறுத்தலாமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: சகோதரி, பண்டிகையும் பேச்சும் இருக்கட்டும். பாசத்துக்குச் சாட்சியாக ஒரு துண்டுச் சீட்டைக் காட்டுகிறீர்களே, அதைப் படித்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது.

1915 மே 22, ஸ்காட்லாந்தின் குவின்டின்ஸ்ஹில். அங்கும் இதே ஏற்பாடுதான். காலை ஆறு மணிக்கு வரவேண்டிய சிக்னல் ஊழியர் அரைமணி தாமதமாக வருவார். இரவு ஊழியர் தாளில் குறித்து வைத்ததை, தாமதம் வெளியே தெரியாதபடி தன் கையெழுத்தில் பதிவேட்டில் ஏற்றுவார். அன்று அந்த வேலையில் மூழ்கியவருக்கு, கண்ணெதிரே லைனில் நின்ற பயணிகள் ரயில் மறந்துபோனது. அவரே ஏறிவந்த ரயில்! ராணுவ வீரர்கள் வந்த ரயிலுக்கு அதே லைனில் வழி கொடுத்துவிட்டார். அது மோதியது, சிதறிக் கிடந்த பெட்டிகள்மீது விரைவு ரயில் ஒன்றும் வந்து மோதித் தீப்பற்றியது. 200 பேருக்கு மேல் மாண்டார்கள். ஊழியர்கள் இருவரும் சிறை சென்றார்கள்.

இப்போது, லைனில் ரயில் நின்றால் இன்னொன்றுக்கு சிக்னல் விழாமல் தடுக்கும் இன்டர்லாக்கிங் இருக்கிறது என்பார் உங்கள் கணவர். பழுதுபார்ப்பதற்காக அதைத் துண்டித்து வைக்கும் நேரத்தில் எது காப்பாற்றும்? பதிவேடும் ஆளின் கவனமும்தானே? எந்த லைனில் எது நிற்கிறது, எந்த ரயிலுக்கு அனுமதி கொடுத்தாயிற்று என்று நேருக்கு நேர் சொல்லி ஒப்படைக்க வேண்டிய பொறுப்பு அது.

அந்த நண்பரை ஒரு நிமிடமாவது நினைத்தீர்களா? இரவு முழுவதும் கண்விழித்த மனிதர். அவர் வீட்டிலும் பள்ளிக்குப் போகும் குழந்தை இருக்கலாம். களைத்துப்போனவரின் அரைமணியைப் பிடுங்கி நம் பிள்ளைக்குச் செலவிடுவதை நான் குடும்பக் கடமை என்று ஒப்புக்கொள்ளமாட்டேன். பொய் எழுதுவதில் அவரையும் கூட்டுச் சேர்த்திருக்கிறீர்கள்.

பகல் தூக்கத்தைக் குறை சொல்லாதீர்கள். இரவு விழித்த உடம்புக்குப் பகலில் தூக்கம் விட்டுவிட்டுத்தான் வரும். ஜன்னலுக்குக் கனமான திரை போடுங்கள்; அழைப்பு மணியை நிறுத்துங்கள். அவருக்கு ஓய்வு கிடைக்கும் நாளில் பண்டிகையைக் கொண்டாடுங்கள். வேலை மாறுவது அவர் முடிவு, வற்புறுத்தாதீர்கள்.

மகளை இனி நீங்களே பள்ளிக்கு அழைத்துப் போங்கள். முடியாதென்றால், டியூட்டி நேரத்தை மாற்றித் தரும்படி மேலதிகாரியிடம் அவர் எழுதிக் கேட்கட்டும். இன்று அவரிடம் வேறு எந்தக் குறையையும் எடுக்காதீர்கள். அந்தச் சீட்டைப் பற்றி மட்டும் பேசுங்கள். பதில் சொல்லாமல் எழுந்து போனாலும், நாளைக் காலை அவர் செருப்பைத் தேடுவதற்குள் மகளின் பையை உங்கள் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுங்கள்.