பாட்டு இறக்க நல்ல தளம் எது?

கேள்வி: என் அப்பாவுக்கு 76 வயது. பழைய பாட்டு என்றால் உயிர். பல வருடமாக ஒரு தளத்திலிருந்து பாட்டு இறக்கி, தம்ப் டிரைவில் போட்டுக் கொடுக்கிறேன். இப்போது அந்தத் தளத்தின் முகவரி அடிக்கடி மாறுகிறது. எதைத் தட்டினாலும் விளம்பரம். போன வாரம் ‘இந்தச் செயலியை நிறுவினால்தான் பாட்டு’ என்று வந்தது. இதைவிட நல்ல தளம் உண்டா? மாதச் சந்தா கட்டினால் போதுமா?
– வாசகர், உட்லண்ட்ஸ், சிங்கப்பூர்

பதில்: அந்தச் செயலியைத் தொடாதீர்கள். 2023ல் இப்படி வெளியிலிருந்து வந்த ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு செயலியை நிறுவும் கோப்பு) நிறுவிய பலர் வங்கியில் இருந்த பணத்தை இழந்தார்கள். கைத்தொலைபேசியையே மோசடிக்காரர் இயக்கத் தொடங்கிவிடுவார். ஏற்கெனவே நிறுவிவிட்டீர்கள் என்றால் வைஃபை, மொபைல் டேட்டா இரண்டையும் அணைத்துவிட்டு, வேறொரு தொலைபேசியிலிருந்து வங்கியை அழையுங்கள். சந்தேகம் கேட்க 1799 என்ற ஸ்கேம்ஷீல்டு உதவி எண் இருக்கிறது.

முகவரி மாறுவதற்கு வருவோம். திருட்டுத் தளங்களைத் தடுக்கும்படி இணையச் சேவை நிறுவனங்களுக்கு உயர் நீதிமன்றம் உத்தரவிட இங்கே சட்டம் இடம் கொடுக்கிறது. 2018ல் ஒரே வழக்கில் 53 தளங்கள் அப்படித் தடுக்கப்பட்டன. தடுத்ததும் வேறு பெயரில் முளைப்பது இவர்கள் வழக்கம். அதனால் இதே மாதிரி இன்னொரு இலவசத் தளத்தை நான் சொல்லப் போவதில்லை. பாடியவருக்கும் இசையமைத்தவருக்கும் ஒரு காசு போகாத இடம் அது. தரமும் சந்தேகம்தான். ‘320’ (ஒலித்தரத்தைக் காட்டும் கேபிபிஎஸ் எண்; கூடினால் தரம் கூடும்) என்று போட்டிருப்பது, 128ல் இருந்த பாட்டை மறுபடி மாற்றிய கோப்பாக இருக்கலாம். கோப்பின் அளவு பெருகும், போன ஒலி திரும்பாது.

இனி சந்தா. இங்குதான் பலர் ஏமாந்துபோகிறார்கள். ஸ்பாட்டிஃபை, யூடியூப் மியூசிக், ஆப்பிள் மியூசிக் எதுவானாலும், அதில் ‘டவுன்லோட்’ செய்த பாட்டு அந்தச் செயலிக்குள்ளேயே பூட்டியிருக்கும். தம்ப் டிரைவில் போட முடியாது. ஸ்பாட்டிஃபையில் 30 நாளுக்கு ஒரு முறையாவது இணையத்தில் இணைய வேண்டும். சந்தாவை நிறுத்தினால் இறக்கிய பாட்டும் போய்விடும். உங்களுக்கும் பிள்ளைகளுக்கும் சந்தா நல்லதுதான். ஒரே முகவரியில் வசிக்கும் 6 பேர்வரை சேரும் குடும்பத் திட்டம் தனித்தனியாகக் கட்டுவதைவிட மலிவு. இலவசச் சோதனைக் காலம் எடுத்தால், அது முடியும் தேதியை நாள்காட்டியில் குறித்து வையுங்கள். அன்றே பணம் தானாகப் பிடிக்கத் தொடங்கும்.

தம்ப் டிரைவுக்குக் கோப்புதான் வேண்டும் என்றால், பாட்டை விலைக்கு வாங்குங்கள். ஐடியூன்ஸ் ஸ்டோரில் தனிப் பாட்டாகவே வாங்கலாம், விண்டோஸ் கணினியிலும் முடியும். 2009லிருந்து அங்கே விற்கும் பாட்டுகளில் பூட்டு இல்லை. ஐந்து நிமிடப் பாட்டு 10 எம்பிக்குச் சற்றுக் குறைவாக வரும். ஒன்றைக் கவனியுங்கள்: வருவது எம்பி3 அல்ல, ஏஏசி என்ற வேறு வகை ஒலிக்கோப்பு. பழைய ரேடியோவும் காரும் சில சமயம் அதைப் படிக்காது. ஐடியூன்ஸிலேயே அதை எம்பி3 ஆக மாற்றும் வசதி இருக்கிறது. முதலில் இரண்டு பாட்டு மட்டும் வாங்கி, அப்பாவின் ரேடியோவில் பாடுகிறதா என்று பார்த்த பிறகு மேலே வாங்குங்கள். சுயாதீனக் கலைஞர்களின் பாட்டு என்றால் பேண்ட்கேம்ப் நல்லது. எம்பி3, ஒலித்தரம் குறையாத ஃபிளாக் என்று வேண்டிய வடிவில் கிடைக்கும், விலையில் பெரும்பங்கு கலைஞருக்கே போகும்.

ஆனால் உங்கள் அப்பாவை நினைத்தால் எனக்கு முதலில் தோன்றுவது சரிகம நிறுவனத்தின் கார்வான் பெட்டிதான். தமிழ்ப் பெட்டியில் பல ஆயிரம் பழைய பாட்டுகள் முன்பே பதிந்திருக்கும். இணையம் வேண்டாம், கடவுச்சொல் வேண்டாம், குமிழைத் திருப்பினால் போதும். அந்த வயதில் திரையைத் தடவிப் பாட்டுத் தேடுவது எவ்வளவு சலிப்பு என்பதை வீட்டில் பெரியவர்கள் இருக்கும் எல்லோரும் அறிவார்கள். தம்ப் டிரைவும் செருகலாம், எஃப்எம்மில் ‘ஒலி 96.8’ வானொலியும் கேட்கலாம். தேக்காவில் (லிட்டில் இந்தியாவில்) வாங்குவதானால் கடையிலேயே போட்டுக் கேளுங்கள். உத்தரவாதம் சிங்கப்பூரில் செல்லுமா, பழுதானால் இங்கேயே பார்ப்பார்களா, இந்தியாவுக்குத்தான் அனுப்ப வேண்டுமா என்று கேட்டு, பதிலை ரசீதில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.